"வேண்டாம் தாயி, ஊருல போயிக் குடிச்சிக்கிடுறேன்"

காரில் தண்ணீர் பாட்டிலை நீட்டும்போதெல்லாம் அம்மா சொல்லும் பதில் இது. சென்னையிலிருந்து எங்கள் கோவில்பட்டிக்கு 550 கிலோமீட்டருக்கு மேல். விடிகாலை நாலு மணிக்குக் கிளம்பினால் மதியச் சாப்பாட்டுக்குத்தான் வீடு போய்ச் சேர முடியும். அந்தப் பத்து மணி நேரமும் அம்மா குடிப்பது மாத்திரை விழுங்க ஒரு மடக்கு, நாக்கு ஒட்டிக்கொண்டால் இன்னொரு மடக்கு. அதையும் பாட்டில் மூடியில் ஊற்றித்தான் குடிப்பாள். மூடியில் ஊற்றினால் அளவு தெரியுமாம்.

அம்மாவுக்கு 67 வயது. சர்க்கரை இருக்கிறது, இரண்டு முட்டியிலும் வலி இருக்கிறது. ஊருக்குப் போகிறோம் என்றால் முந்தின நாள் சாயங்காலத்திலிருந்தே தண்ணீரைக் குறைத்துவிடுவாள். ரொம்ப நாள் இதை அம்மாவின் சுபாவம் என்றே நினைத்திருந்தேன். போன தீபாவளிக்குப் போய்த் திரும்பிய மூன்றாம் நாள் குளிர்க்காய்ச்சல், நீர்க்கடுப்பு, இடுப்பைப் பிடித்துக்கொண்டு உட்காரக்கூட முடியவில்லை. டாக்டர் கேட்ட முதல் கேள்வியே, "சமீபத்துல எங்கயாவது தூரப் பயணம் போனீங்களா?" என்பதுதான். தண்ணீர் குடிக்காமல், வருவதையும் அடக்கி வைத்தால் கிருமி தங்கிவிடும், சர்க்கரை உள்ளவர்களுக்கு இன்னும் சீக்கிரம் தொற்றும் என்றார். மூன்று நாள் ஆஸ்பத்திரியில் டிரிப்ஸ் ஏற்றினார்கள்.

அங்கே படுத்திருந்தபோதுதான் கேட்டேன், ஏம்மா ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா என்று.

"நான் நிறுத்தச் சொன்னா மாப்பிள்ளை என்ன நெனைப்பாரு? அப்படியே நிறுத்தினாலும் போற எடம் நல்ல எடமாவா இருக்கும்?"

அம்மா சொன்ன அந்த இரண்டையும் பற்றித்தான் இந்தப் பதிவு. நீளமாகத்தான் இருக்கும், பொறுமையாகப் படியுங்கள்.

என் வீட்டுக்காரர் கோபக்காரர் இல்லை. கேட்டிருந்தால் அடுத்த நிமிஷமே ஓரம் கட்டியிருப்பார். ஆனால் கேட்க வேண்டியிருக்கிறதே, அதுதான் அம்மாவால் முடியவில்லை. ஸ்டியரிங் யார் கையில் இருக்கிறதோ அவர் தனக்கு டீ குடிக்கத் தோன்றினால் நிறுத்துகிறார், தம் அடிக்கத் தோன்றினால் நிறுத்துகிறார். பின் சீட்டில் இருப்பவர்கள் வாய் திறந்து காரணம் சொல்ல வேண்டும். மாமியார் மாப்பிள்ளையிடம் எப்படிச் சொல்வாள்? மருமகள் மாமனாரிடம் எப்படிச் சொல்வாள்? "எங்கயும் நிறுத்தவே இல்ல, ஆறே மணி நேரத்துல மதுரை" என்று கல்யாண வீட்டுப் பந்தியில் பெருமையாகச் சொல்பவர்களைப் பார்த்திருப்பீர்கள். அந்த வண்டியின் பின் சீட்டில் யார் யார் இருந்தார்கள் என்று இப்போதெல்லாம் நான் கேட்டுவிடுகிறேன்.

பஸ்ஸில் இது இன்னும் மோசம். கல்லூரி படிக்கும்போது சென்னையிலிருந்து ராத்திரி பஸ்ஸில் ஊருக்குப் போவேன். ஒருமுறை மோட்டலில் நிறுத்திய நேரத்தில் நான் நல்ல தூக்கம். விழித்துப் பார்த்தால் பஸ் எங்கேயோ இருட்டில் போய்க்கொண்டிருக்கிறது. அடிவயிறு கல்லாகக் கனக்கிறது. முன்னால் போய்க் கண்டக்டரிடம் சொல்ல நாற்பது பேரைத் தாண்ட வேண்டும். எழுந்தேன், உட்கார்ந்தேன், திரும்ப எழுந்தேன். சொல்லவே இல்லை. மதுரை மாட்டுத்தாவணி வரும்வரை பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்தேன். ஆண்கள் சொன்னால் டிரைவர் ஒரு புளியமரத்தடியில் நிறுத்துவார், ஐந்து நிமிஷத்தில் வேலை முடிந்துவிடும். பெண்ணுக்கு அந்தப் புளியமரம் உதவாது. அப்படிப்பட்ட நேரத்தில் பெட்ரோல் பங்க் பார்த்து வண்டியை உள்ளே விட்டு, "யாராச்சும் லேடீஸ் போறதுன்னா போயிட்டு வாங்கம்மா" என்று பொதுவாகக் குரல் கொடுக்கும் கண்டக்டர்களும் இருக்கிறார்கள். யார் பெயரையும் சொல்லாமல், யாரையும் கேட்க வைக்காமல் செய்வது எவ்வளவு பெரிய உதவி என்று அந்த பஸ்ஸில் இருந்த பெண்களுக்குத்தான் தெரியும்.

சரி, இடத்துக்கு வருகிறேன்.

பரனூர், ஆத்தூர், விக்கிரவாண்டி, செங்குறிச்சி, திருமாந்துறை, சமயபுரம், பூதக்குடி, சிட்டம்பட்டி, கப்பலூர் என்று சுங்கச்சாவடிப் பெயர்களெல்லாம் எங்கள் வீட்டுப் பிள்ளைகளுக்கு மனப்பாடம். ஒவ்வொன்றிலும் பணம் போகிறது. 2021 பிப்ரவரியில் ஃபாஸ்டேக் கட்டாயமானதிலிருந்து அங்கே நிற்பதும் குறைந்துவிட்டது. முன்பு வரிசையில் நிற்கும்போது கண்ணாடியைத் தட்டி வெள்ளரிப்பிஞ்சும் கொய்யாவும் விற்பார்கள், அந்தச் சாக்கில் இறங்கிக் காலை நீட்டலாம். இப்போது சட்டென்று தாண்டிவிடுகிறோம். நேரம் மிச்சம்தான், மறுக்கவில்லை. ஆனால் இவ்வளவு கட்டணம் கட்டும் சாலையில் அறுபது கடந்த ஒரு பெண் நம்பி இறங்க எத்தனை இடம் இருக்கிறது?

தீபாவளிக்குப் போனபோது விழுப்புரம் தாண்டி ஒரு மோட்டலில் நிறுத்தினோம். பெண்கள் பக்கம் நாலு கதவு. அதில் ஒன்று பூட்டு, ஒன்றில் தாழ்ப்பாள் இருந்த இடத்தில் ஓட்டை. மூன்று பஸ்கள் ஒரே நேரத்தில் வந்து நின்றதால் வரிசை வாசலைத் தாண்டியிருந்தது. பக்கத்தில் ஆண்கள் போய்ப் போய் வந்துகொண்டே இருக்கிறார்கள், இந்தப் பக்கம் நகரவே இல்லை. சேலை, கைக்குழந்தை, மாதவிலக்கு என்று பெண்களுக்கு இயல்பாகவே கூடுதல் நேரம் ஆகும். இரண்டு பக்கமும் ஒரே எண்ணிக்கையில் கட்டினால் பெண்கள்தான் வரிசையில் நிற்பார்கள் என்பதைக் கட்டுகிறவர்கள் யோசிப்பதே இல்லை. நாப்கின் போட ஒரு குப்பைக்கூடைகூட இல்லை. ஜன்னல் மேட்டில் காகிதத்தில் சுற்றிச் சுற்றி வைத்திருந்தார்கள்.

உள்ளே இந்தியன் டாய்லெட் மட்டும்தான். அம்மாவால் உட்கார முடியும், எழுந்திருக்கத்தான் முடியாது. தாழ்ப்பாள் இல்லாத கதவை நான் வெளியிலிருந்து இழுத்துப் பிடித்திருந்தேன். குழாயைப் பிடித்து எழுந்திருக்கப் பார்த்திருக்கிறாள், குழாய் சுவரை விட்டு ஆடிவிட்டது. "ஏட்டி, உள்ள வா" என்று கூப்பிட்டாள். போய்த் தூக்கிவிட்டேன். சேலைக் கரையெல்லாம் நனைந்திருந்தது. வெளியே வந்து என் முகத்தைப் பார்க்காமல் நேரே காருக்குப் போய் உட்கார்ந்துகொண்டாள். அதற்கப்புறம் கோவில்பட்டி வரை அந்த மூடித் தண்ணீரும் இல்லை.

வாசலில் மேசை போட்டு ஒரு அக்கா காசு வாங்கிக்கொண்டிருந்தார். தலைக்குப் பத்து ரூபாய். சண்டை போடும் வேகத்தில்தான் போனேன். அவர் எழுந்து காட்டினார், நூறு அடி தள்ளியிருக்கும் தொட்டியிலிருந்து குடத்தில் தண்ணீர் கொண்டுவந்து ஊற்றுகிறார். மோட்டார் கெட்டு நாலு நாளாம். ராத்திரி முழுக்க அவர் ஒருத்திதான். பினாயிலை அளந்து கொடுக்கிறார்களாம், காசை மட்டும் முழுசாக எண்ணி வாங்கிக்கொள்கிறார்களாம். அவரிடம் போய் நான் எதைக் கேட்பது?

பலருக்குத் தெரியாத ஒன்றைச் சொல்கிறேன். பெட்ரோல் பங்கில் காற்று, குடிநீர், கழிப்பறை மூன்றும் இலவசமாகத் தர வேண்டும் என்பது எண்ணெய் நிறுவனங்கள் டீலர்களுக்கு வைத்திருக்கும் விதி. புகார் சொல்ல வேண்டிய நம்பர் அங்கேயே போர்டில் எழுதியிருக்கும். நடைமுறையில் என்ன ஆகிறது என்றால், கதவில் பூட்டுத் தொங்குகிறது, "சாவி ஆபீஸ்ல" என்கிறார்கள், ஆபீஸில் ஆள் இல்லை. அதற்காகக் கேட்காமல் விடாதீர்கள், சாவியைக் கேளுங்கள். அங்கே வேலை செய்யும் பெண்களிடம் கேட்டால் பெரும்பாலும் கிடைத்துவிடுகிறது. தேசிய நெடுஞ்சாலையில் பிரச்சினை என்றால் 1033 இருக்கிறது, அதையும் போனில் பதிந்து வையுங்கள்.

அரசு எதுவும் செய்யவில்லை என்று சொல்ல மாட்டேன். நெடுஞ்சாலையில் 40 முதல் 60 கிலோமீட்டருக்கு ஒரு இடம் என்று பயணிகளுக்கான வசதி மையங்கள் கட்டும் திட்டம் இருக்கிறது. 2024 அக்டோபரில் 'ஹம்சஃபர்' என்று ஒரு கொள்கையும் அறிவித்தார்கள். சுத்தமான கழிப்பறை, குழந்தைக்குப் பால் கொடுக்க அறை, சக்கர நாற்காலி வசதி எல்லாம் அதில் உண்டு. நல்லது, வரட்டும். என்னைக் கேட்டால் அதற்கு முன்னால் ஒரு போர்டு வையுங்கள் என்பேன். மலேசியாவில் கிள்ளானில் இருக்கும் நாத்தனார் வீட்டுக்குப் போனபோது பினாங்கு வரை காரில் கூட்டிப் போனார்கள். அங்கே நெடுஞ்சாலையில் ஓய்விடத்தை ஆர் அண்ட் ஆர் என்கிறார்கள். அடுத்த ஆர் அண்ட் ஆர் இத்தனை கிலோமீட்டரில் என்று வழியிலேயே போர்டு வந்துவிடுகிறது. தாப்பாவில் நிறுத்தினோம், பழக்கடை, சாப்பாட்டுக்கடை, காசு கேட்காத கழிப்பறை. எனக்கு அந்தப் போர்டுதான் மனதில் நின்றது. இன்னும் இருபது கிலோமீட்டரில் ஒரு இடம் இருக்கிறது என்று தெரிந்தால் உடம்பு தானாகப் பொறுத்துக்கொள்ளும். எங்கே வரும் என்று தெரியாததில்தான் பாதிப் பயம்.

வழிப்போக்கருக்கு இடம் கொடுப்பதை நாம் வெளியூரில் போய்க் கற்றுக்கொள்ள வேண்டியதில்லை. ராணி மங்கம்மாள் சாலை போட்டு, மரம் வைத்து, சத்திரமும் கட்டியதை இன்றும் தென்மாவட்டத்தில் சொல்கிறார்கள். மதுரை ரயில் நிலையத்துக்கு எதிரே இருக்கும் சத்திரத்துக்கு இன்னும் அவர் பெயர்தான். அரசிகள் இருக்கட்டும், சாதாரணக் குடும்பங்கள் என்ன செய்தன? வயிற்றுப் பிள்ளையோடு ஒரு பெண் இறந்துபோனால் அவள் நினைவாக வழியில் சுமைதாங்கிக் கல் நட்டார்கள். தலைச்சுமையை இறக்கி வைக்க யாரையும் கூப்பிட வேண்டாம், தோள் உயரத்தில் கல் நிற்கும். எங்கள் ஊர்ப் பக்கம் ரோடு அகலமாக்கியபோது ஒன்றைப் பெயர்த்துப் போட்டிருந்ததைச் சின்ன வயதில் பார்த்திருக்கிறேன்.

அம்மாவை மாதிரியே வாய் திறக்காத இன்னொருவரும் வண்டியில் உண்டு, டிரைவர். இந்தப் பொங்கலுக்கு வீட்டுக்காரருக்குத் தோள்பட்டை வலி என்று ஆக்டிங் டிரைவர் வைத்துக்கொண்டோம். சமயபுரம் தாண்டியதும் அவர் கன்னத்தில் தட்டிக்கொள்வதைக் கண்ணாடியில் பார்த்தேன். கொஞ்ச நேரத்தில் ஜன்னலை இறக்கினார். அப்புறம் பாட்டுச் சத்தத்தைக் கூட்டினார்.

"அண்ணே, தூக்கம் வருதா?"

"இல்ல மேடம், மதுரை தாண்டிட்டா சரியாயிரும்."

முந்தின ராத்திரி பெங்களூர் டிரிப் முடித்து, மூன்று மணி நேரம் தூங்கிவிட்டு வந்திருக்கிறார். இதைச் சொன்னால் அடுத்த முறை கூப்பிட மாட்டார்களே என்ற பயம். மோட்டார் போக்குவரத்துத் தொழிலாளர் சட்டம் 1961-லேயே வந்துவிட்டது. தொடர்ந்து 5 மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக்கூடாது, இடையில் அரை மணி நேரமாவது ஓய்வு தர வேண்டும் என்றது அந்தச் சட்டம் (2025 நவம்பரில் அதன் இடத்துக்குப் புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்பு வந்துவிட்டது). ஆனால் அது நிறுவனங்களில் வேலை செய்பவர்களுக்கு. ஒரு நாள் கூலிக்கு நம் காரை ஓட்ட வருபவருக்கு நாம்தான் பார்த்துச் செய்ய வேண்டும். விராலிமலைப் பக்கம் ஒரு கும்பகோணம் டிகிரி காபிக் கடையில் நிறுத்தச் சொன்னோம். காபியைக் குடித்த உடனே இருபது நிமிஷம் கண்ணை மூடச் சொன்னேன். காபி வேலை செய்ய எப்படியும் அரை மணி நேரம் பக்கம் ஆகும், அதற்குள் ஒரு குட்டித் தூக்கம் போட்டால் இரண்டும் சேர்ந்து கைகொடுக்கும். சீட்டைச் சாய்த்ததும் வாய் பிளந்து தூங்கிவிட்டார். அந்த மனிதரை நம்பி வண்டியில் ஆறு பேர் உட்கார்ந்திருந்தோம்.

இந்தப் பொங்கலுக்குக் கிளம்பும்போதே வீட்டில் பேசி முடிவு செய்துவிட்டோம். இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை வண்டி நிற்கும். யாரும் கேட்க வேண்டாம், யாருக்கும் தேவை இல்லாவிட்டாலும் நிற்கும். மதுராந்தகம் ஏரிக்கரை தாண்டி முதல் நிறுத்தம். அங்கே அம்மா இறங்கவில்லை. உளுந்தூர்பேட்டைக்கு முன்னால் இரண்டாவது, அங்கேயும் இறங்கவில்லை. துவரங்குறிச்சிக்கு முன்னால் ஒரு பங்கில் நிறுத்தியபோது நான் முதலில் போய்ப் பார்த்துவிட்டு வந்து சொன்னேன். கமோடு இருக்கும்மா, தாழ்ப்பாள் இருக்கு, தண்ணி வருது, பை மாட்டக் கொக்கிகூட இருக்கு. அம்மா கதவைத் திறந்து காலைக் கீழே வைத்தாள். திரும்பி வந்து உட்கார்ந்ததும், "அந்தப் பாட்டில எடு தாயி" என்றாள். மூடியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு, அண்ணாந்து குடித்தாள்.

சித்திரையில் குலதெய்வம் கும்பிட மறுபடியும் போகிறோம். சென்னை – கோவில்பட்டி வழியில் கமோடு, தாழ்ப்பாள், தண்ணீர் மூன்றும் இருக்கும் இடம் உங்களுக்குத் தெரிந்தால் எந்த ஊருக்கு முன்னால், சாலைக்கு எந்தப் பக்கம் என்று எழுதுங்கள். நானே நேரில் பார்த்துவிட்டு ஒரு பட்டியலாகப் போடுகிறேன். திருச்சிக்கு முன்னால்தான் எனக்கு இன்னும் ஒன்றும் கிடைக்கவில்லை.