செட்டில்மென்ட் எழுதிக் கொடுக்கும் முன்

சென்னையில் சொத்துக்காக உடன்பிறந்தவர்கள் நீதிமன்றம் ஏறும் வழக்குகளில், உயிலைவிடவும் என்னைக் கவலைகொள்ள வைப்பது, உயிரோடு இருக்கும்போதே பணம் வாங்காமல் சொத்தை எழுதிக் கொடுக்கும் தானசெட்டில்மென்ட் பத்திரம்தான். எழுதியவர் உயிரோடு இருக்கும்வரை உயிலை எத்தனை முறையும் மாற்றலாம். செட்டில்மென்ட் அப்படியன்று. அது பதிவாகி, பெற்றவர் ஏற்றுக்கொண்ட பிறகு, ரத்து செய்யும் உரிமை அதிலேயே முறைப்படி எழுதப்பட்டிருந்தாலொழிய, கொடுத்தவர் தனியாகப் போய் அதை ரத்து செய்ய முடியாது. சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 2022இல் இதைத் தெளிவுபடுத்திவிட்டது. ஆனாலும், "பிடிக்காவிட்டால் கேன்சல் செய்துகொள்ளலாம்மா" என்ற சொல்லை நம்பிக் கையெழுத்திடும் முதியவர்கள் இன்றும் இருக்கிறார்கள்.

பெரம்பூரிலோ மாம்பலத்திலோ ஒரு கிரவுண்டில் பழைய வீடு இருக்கும். அதை இடித்து அடுக்குமாடி கட்டிப் பங்கிட்டுக்கொள்ளும் ஜாயின்ட் வென்ச்சர் பேச வரும் பில்டர், பத்திரம் ஒரே பெயரில் இருந்தால் வேலை சுலபம் என்பார். குடும்பத்துக்குள் எழுதினால் முத்திரைத் தீர்வையும் குறைவு. இந்த அவசரத்தில், தந்தை உயில் எழுதாமல் இறந்துபோன வீட்டைத் தாய் முழுவதுமாக மகனுக்கு எழுதிக் கொடுக்கிறார். அது தந்தையின் சுயசம்பாத்தியம் என்றால், இந்து வாரிசுரிமைச் சட்டப்படி மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் சம பங்கு. மூன்று பிள்ளைகள் இருந்தால், தந்தையைப் பெற்ற பாட்டி உயிரோடு இல்லாத நிலையில், தாயின் பங்கு கால் பகுதிதான். தன்னிடம் இல்லாத முக்கால் பகுதியை அவர் எப்படிக் கொடுக்க முடியும்? பத்திரம் பதிவாகியிருந்தாலும், பட்டா பெயர் மாறியிருந்தாலும், அது மகள்களின் பங்கைக் கட்டுப்படுத்தாது. பூர்வீகச் சொத்தில் மகளுக்குப் பிறப்பாலேயே உரிமை உண்டு என்பதையும், தந்தை எப்போது இறந்தார் என்பது அதற்குத் தடையில்லை என்பதையும் 2020இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

"சீர் எல்லாம் செய்தாயிற்றே" என்ற வாதத்தை நான் ஏற்கவில்லை. கல்யாணத்துக்குப் போட்ட நகை, பங்கை விட்டுக்கொடுக்கும் விடுதலைப் பத்திரம் ஆகாது. அதே சமயம், பெற்றோரைப் பல ஆண்டுகள் உடனிருந்து பார்த்துக்கொண்ட பிள்ளைக்குக் கூடுதலாகக் கொடுக்க நினைப்பதில் எந்த அநியாயமும் இல்லை. அதை மற்ற பிள்ளைகளுக்குத் தெரிந்தே செய்ய வேண்டும் என்பதே என் கோரிக்கை. சொத்தின் பதிவு விவரங்களைக் காட்டும் வில்லங்கச் சான்று போட்டுப் பார்க்கும் அன்றுதான் விஷயமே தெரியவருகிறது என்றால், அந்த மகள் பங்கை மட்டும் இழக்கவில்லை, பிறந்த வீட்டையே இழக்கிறாள்.

கொடுத்துவிட்ட தாயின் நிலை இன்னும் கொடுமையானது. மூத்த குடிமக்களுக்கான 2007ஆம் ஆண்டுச் சட்டத்தின் 23ஆவது பிரிவு, பராமரிக்க வேண்டும் என்ற நிபந்தனையோடு கொடுத்த சொத்தை, பராமரிக்காதபோது மீட்க வழி தருகிறது. ஆனால் அந்த நிபந்தனை நிரூபிக்கப்பட வேண்டும் என்று 2022இல் உச்ச நீதிமன்றம் கூறியது. 2025 ஜனவரியில் வந்த மற்றொரு தீர்ப்பு, முதியோர் நலன் கருதி அப்பிரிவைத் தாராளமாகப் பொருள்கொள்ள வேண்டும் என்றது. எழுபது வயதைக் கடந்த ஒருவர் இந்த இரண்டு தீர்ப்புகளுக்கும் நடுவில் நின்று, சொத்தை மீட்கும் மனுவோடு கோட்டாட்சியர் அலுவலகத்துக்கு அலைவதை நினைத்தாலே மனம் பதறுகிறது. ஆகவே, எழுதியே தீருவது என்று முடிவெடுத்தவர்கள், உயிரோடு உள்ளவரை அந்த வீட்டில் குடியிருக்கவும் வாடகையை வாங்கிக்கொள்ளவும் தமக்குள்ள ஆயுள்கால உரிமையையும், பராமரிப்பு நிபந்தனையையும், தவறினால் ரத்தாகும் என்பதையும் பத்திரத்திலேயே தெளிவாக எழுதச் சொல்லுங்கள். பத்திர எழுத்தர் வழக்கமாக எழுதும் "அன்பின் மிகுதியால்" என்ற ஒரு வரியை மட்டும் நம்பியிருக்காதீர்கள்.

ஏற்கெனவே கையெழுத்திட்டவர்களும் தாமதிக்க வேண்டாம். ஏமாற்றியோ மிரட்டியோ வாங்கிய பத்திரம் என்றால், அதை ரத்து செய்யக் கோரும் உரிமையியல் வழக்குக்கு, விவரம் தெரிந்த நாளிலிருந்து மூன்று ஆண்டுகள்தான் அவகாசம். மகன் மனம் மாறுவான் என்ற காத்திருப்பிலேயே அந்தக் கெடு கடந்துவிடுகிறது.