ஒரே பெயர், நான்கு விருதுகள்

2025 மார்ச்சில் நடந்த ஆஸ்கர் விழாவில் அமெரிக்க இயக்குநர் ஷான் பேக்கர் நான்கு முறை மேடையேறினார். சிறந்த படம், இயக்கம், திரைக்கதை, படத்தொகுப்பு. நான்கும் 'அனோரா' என்ற ஒரே படத்துக்கு. வால்ட் டிஸ்னி 1954-இல் ஒரே இரவில் நான்கு விருதுகள் வாங்கியவர்தான். ஆனால் அவை நான்கு தனித்தனிப் படங்களுக்கு.

அன்றிலிருந்து பேக்கரை அஷ்டாவதானி என்று புகழ்கிறார்கள். எனக்கு அந்தப் புகழ்ச்சி உறுத்துகிறது. ஆள் வைத்துக்கொள்ளக் காசில்லாமல் கற்றுக்கொண்ட வேலைகளைப் பிறவி வரம்போலப் பேசிவிட்டால், அவர் பட்ட பாடு கண்ணிலிருந்து மறைந்துபோகும்.

ஷி-சிங் ட்சோவுடன் சேர்ந்து அவர் இயக்கிய 'டேக் அவுட்' (2004) படத்தைப் பாருங்கள். செலவு ஏறக்குறைய 3,000 டாலர். நியூயார்க்கில் நிஜமான ஒரு சீன உணவகத்தில், வியாபாரம் நடக்கும்போதே எடுத்தார்கள். கேமரா பேக்கரின் கையில். அமெரிக்கா வருவதற்கு வாங்கிய கடனுக்காக அன்றிரவுக்குள் பணம் புரட்டியாக வேண்டிய ஒருவன், கொட்டும் மழையில் சைக்கிளில் சாப்பாட்டுப் பொட்டலங்களைக் கொண்டுபோகிறான். கதவு திறக்கும், ஒரு முகம், சில நோட்டுகள், கதவு சாத்தப்படும். அடுத்த கதவு. சில முகங்கள் அவனை ஏறிட்டும் பார்ப்பதில்லை. அந்தக் கதவுகளை எந்த நொடியில் வெட்ட வேண்டும் என்பது, கேமராவோடு அங்கே நின்றவருக்குத் தெரிந்திருக்கிறது. அவர் படத்தொகுப்பில் நான் மதிப்பது இதைத்தான்.

'டேஞ்சரின்' (2015) படத்தை ஐஃபோனில் எடுத்ததற்கும் கையில் காசில்லாததே காரணம். புதுமை என்று ஊர் கொண்டாடியது பிறகுதான்.

ஆஸ்கருக்குச் சில நாட்கள் முன்பு, சுயாதீனப் படங்களுக்கான இன்டிபென்டன்ட் ஸ்பிரிட் விருது மேடையில் அவர் மனம்விட்டுப் பேசினார். ஒரு படத்துக்கு மூன்று ஆண்டுகள் உழைக்கும் இயக்குநருக்குக் கிடைக்கும் ஊதியத்தில் வாழ்க்கை நடத்த முடியாது என்றார். அப்போது அவருக்கு வயது 53. கான் திரைப்பட விழாவின் உச்ச விருதான தங்கப்பனை வாங்கியவர். அவர் நிலையே இது என்றால், இப்போதுதான் தொடங்குகிறவர் எங்கே போவார்?

ஒரு தயாரிப்பாளர் என்னிடம், "படத்தொகுப்பையும் நீங்களே செய்துவிடுவீர்கள்தானே, அதற்குத் தனியாக எதற்குச் சம்பளம்?" என்று கேட்டிருக்கிறார். சிரித்துக்கொண்டேதான் கேட்டார். நான்கு வேலை தெரிந்தவனுக்கு ஒரு கூலி என்பதை உலக வழக்கம்போலச் சொன்ன அந்தக் குரலை என்னால் இன்னும் மறக்க முடியவில்லை.

இன்னொன்று. பல வேலைகளைச் செய்கிறவர் தனி ஆள் என்று நினைப்பதும் தவறு. 'டேஞ்சரின்' படத்தைத் தயாரித்தவர்களில் ட்சோவும் ஒருவர். அதில் டோனட் கடைக்காரப் பெண்ணாக நடித்தவரும் அவரே. கிறிஸ் பெர்கோச் பல படங்களில் எழுத்துத் துணை. 'அனோரா'வின் தயாரிப்பாளர்களில் பேக்கரின் மனைவி சமந்தா குவானும் உண்டு.

ஆஸ்கர் முடிந்து இரண்டே மாதங்களில், ட்சோ தனியாக இயக்கிய முதல் முழுநீளக் கதைப்படமான 'லெஃப்ட்-ஹேண்டட் கேர்ள்' கான் விழாவில் திரையிடப்பட்டது. படத்தொகுப்பு, ஷான் பேக்கர்.