சிகாகோ மேயர் எலெக்ஷனை நவம்பருக்கு மாத்துங்க

2023 பிப்ரவரி 28ம் தேதி நான் ஓட்டுப் போடப் போனப்ப பூத்ல வேலை பாக்குறவங்க அஞ்சு பேர், ஓட்டுப் போட வந்தவங்க என்னோட சேர்த்து ரெண்டே பேர். சீட்டுல மேயர் பதவிக்கு வரிசையா 9 பேரு, ஒருத்தர் பக்கத்துலயும் கட்சி பேர் கிடையாது. பக்கத்து மறைப்புல ஒரு வயசான அம்மா பேனாவைத் தொறந்து வெச்சுக்கிட்டு ரொம்ப நேரம் அப்படியே நின்னுட்டு இருந்தாங்க, எனக்கு மனசு என்னவோ போல ஆயிடுச்சு.

கட்சி இல்லாம நடத்துறது தப்புன்னு நான் சொல்ல வரல. 1983ல ஹரோல்ட் வாஷிங்டன் டெமாக்ரடிக் கட்சி தன் வேட்பாளரைத் தேர்ந்தெடுக்குற பிரைமரி தேர்தல்ல 36% வாங்கியே ஜெயிச்சாரு, எதிர்த்து நின்ன ரெண்டு பேரும் வெள்ளைக்காரங்க ஓட்டைப் பிரிச்சுக்கிட்டதால, அப்படித்தான் ஊருக்கு முதல் கறுப்பின மேயர் கிடைச்சாரு. அப்புறம் 1995ல சட்டம் போட்டு மேயர் பிரைமரியையே எடுத்துட்டு, கட்சி இல்லாத எலெக்ஷனா மாத்திட்டாங்க. 1999ல இருந்து பாதிக்கு மேல யாருக்கும் வரலைன்னா முதல் ரெண்டு பேருக்கும் ஏப்ரல்ல ரன்ஆஃப். வாஷிங்டன் மாதிரி இன்னொருத்தர் ஜெயிக்கக் கூடாதுன்னுதான் அந்தச் சட்டத்தைப் போட்டாங்களோன்னு எனக்கு இன்னும் சந்தேகம் உண்டு, ஆனா பாதிக்கு மேல வாங்கித்தான் ஜெயிக்கணும்ங்கிறது நியாயம்.

என் கோபமெல்லாம் தேதி மேலதான். பிப்ரவரி சிகாகோல எப்படி இருக்கும்னு இங்க இருக்கிறவங்களுக்குத் தெரியும், காரை பனியில இருந்து தோண்டி எடுத்து அந்த இடத்தை யாரும் புடிக்கக் கூடாதுன்னு பழைய நாற்காலியப் போட்டு வெக்கிற மாசம். 2020 நவம்பர்ல ஜனாதிபதி எலெக்ஷனுக்கு இதே ஊர்ல 73% பேர் ஓட்டுப் போட்டாங்க, 2023 பிப்ரவரியில சுமார் 36%. அதுல மேயர் பதவியில இருந்த லோரி லைட்ஃபுட் மூணாவதா வந்து வெளிய போயிட்டாங்க. ரன்ஆஃப்லயும் 39% கிட்டதான், பிராண்டன் ஜான்சன் பால் வாலஸை ஜெயிச்சது சுமார் 26,000 ஓட்டுல. போலீஸ், பிராப்பர்ட்டி டாக்ஸ், பனி அள்ளுற வண்டின்னு நம்ம வாசல் வரைக்கும் வர்ற விஷயத்தைப் பாக்குற பதவிங்க இது!

லாஸ் ஏஞ்சலஸ்லயும் கட்சி இல்லாத மேயர் எலெக்ஷன்தான். 2013ல 23% பேர்தான் வந்தாங்க, தேதியை நவம்பருக்கு மாத்தினப்புறம் 2022ல கேரன் பாஸ் ஜெயிச்சப்ப 44% கிட்ட வந்துச்சு. ஊர் அதே ஊர்தான், தேதி மாறினது ஒரு பெரிய காரணம்.

இதை இல்லினாய் மாநிலத் தலைநகர் ஸ்பிரிங்ஃபீல்டுல சட்டம் போட்டு மாத்தணும். எங்க ஏரியா ஸ்டேட் ரெப் (மாநில சட்டசபை உறுப்பினர்) ஆபீசுக்கு நான் ரெண்டு தடவை எழுதிட்டேன், பதில் வரல, மூணாவது தடவையும் எழுதுவேன். நீங்களும் உங்க ஏரியா ரெப்புக்கு ஒரு போன் போட்டுப் பேசுங்க ப்ளீஸ்.