ஏஞ்சலா டேவிஸ் கொலைக் குற்றவாளியா?

பெரிய ஆஃப்ரோ முடியோடு, அமெரிக்கக் கறுப்பின உரிமைப் போராளி ஏஞ்சலா டேவிஸின் பழைய படம். கீழே, "நீதிபதியைக் கொன்று சிறை சென்றவர், இவர்தான் இன்று இனவெறிக்கு எதிராகவும் தன்பாலீர்ப்பாளர் உரிமைக்காகவும் பாடம் எடுக்கிறார்" என்று ஒரு வரி. பலரும் பகிரும் இந்த வரி தவறு.

சிறையில் இருந்தது உண்மை. ஆனால் விசாரணைக் கைதியாக.

1970 ஆகஸ்ட் 7 அன்று, கலிஃபோர்னியாவின் மரின் மாவட்ட நீதிமன்றத்துக்குள் 17 வயது ஜோனதன் ஜாக்சன் துப்பாக்கிகளோடு புகுந்தான். நீதிபதி ஹேலி உட்பட நான்கு பேர் இறந்தார்கள். டேவிஸ் அங்கே இல்லவே இல்லை. துப்பாக்கிகள் அவர் பெயரில் வாங்கப்பட்டவை. வழக்கின் பிடி அதுதான். தலைமறைவானார், எஃப்.பி.ஐ.யின் 'மிகவும் தேடப்படுவோர்' பட்டியலில் ஏறினார், அக்டோபரில் நியூயார்க்கில் பிடிபட்டார். சுமார் 16 மாதம் கழித்துத்தான் ஜாமீன். அதற்கும் ஒரு வெள்ளைக்காரப் பால்பண்ணை விவசாயி தன் நிலத்தை ஈடு வைத்தார்!

1972 ஜூன் 4 அன்று, வெள்ளையர்கள் மட்டுமே இருந்த ஜூரி (தீர்ப்பு சொல்லும் குடிமக்கள் குழு), கொலை, ஆள்கடத்தல், சதி ஆகிய மூன்றிலும் அவர் குற்றவாளி இல்லை என்றது.

சரி, கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் லாஸ் ஏஞ்சல்ஸ் வளாகத்தில் அவர் பார்த்த ஆசிரியர் வேலை போனது இதனாலா? அது இந்த வழக்குக்கு முந்தைய கதை. கம்யூனிஸ்ட் கட்சி உறுப்பினர் என்பதற்காக 1969-லேயே நீக்கினார்கள். நீதிமன்றம் அதைச் செல்லாது என்றது. மறுவருடம் அவருடைய மேடைப் பேச்சுகளைக் காட்டி மறுபடி வெளியேற்றினார்கள். அதே கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் சாண்டா குரூஸ் வளாகத்தில்தான் பிற்பாடு பேராசிரியராக இருந்து ஓய்வு பெற்றார். தான் லெஸ்பியன் என்பதை 1990களின் பிற்பகுதியில் வெளிப்படையாகச் சொன்னார்.