மூன்றாம் பாலினம் என்று யாரை அழைக்கலாம்?

தமிழ்நாட்டில் திருநங்கையர் நாளாகக் கொண்டாடப்படும் ஏப்ரல் 15 வந்துவிட்டால் ‘மூன்றாம் பாலினத்தவர் அனைவருக்கும் நல்வாழ்த்துகள்’ என்ற பதிவுகள் முகநூலில் வரிசையாக வந்து விழுகின்றன. எழுதுவோர் நல்ல மனத்தோடுதான் எழுதுகிறார்கள். ‘அலி’, ‘ஒன்பது’ என்ற வசைகளைத் திரைப்பட நகைச்சுவையிலும் தெருமுனையிலும் கேட்டு வளர்ந்த ஒரு தலைமுறை, அவற்றைக் கைவிட்டு, அரசாணையில் வருவதுபோல் மிடுக்காக ஒலிக்கும் ஒரு தொடரை எடுத்துக்கொண்டிருக்கிறது. அதை நான் எள்ளி நகையாடவில்லை. ஆயினும், ‘மூன்றாம் பாலினம்’ என்பதை எல்லாத் திருநருக்கும் பொதுப்பெயராக வழங்குவது பொருளளவிலும் பொருந்தாது, சட்டத்தின்படியும் பொருந்தாது என்பது என் உறுதியான கருத்து. ஏன் என்று சற்று விரிவாகவே சொல்கிறேன்.

பிறந்தபோது உடலைப் பார்த்துப் பிறர் குறித்துவைத்த பாலினமும், தாம் யார் என்று தாமே உணரும் பாலினமும் ஒன்றாக இல்லாதவர்களைத் திருநர் என்கிறோம். இதுதான் பொதுச்சொல். ஆண் குழந்தை என்று பதியப்பட்டுத் தம்மைப் பெண்ணாக உணர்பவர் திருநங்கை. பெண் குழந்தை என்று பதியப்பட்டுத் தம்மை ஆணாக உணர்பவர் திருநம்பி. ஆண், பெண் என்ற இரண்டிலும் தம்மைப் பொருத்திப் பார்க்க இயலாத திருநரும் இருக்கிறார்கள்; அவர்களில் சிலர் தம்மை மூன்றாம் பாலினம் என்று சொல்லிக்கொள்கிறார்கள். ஆகவே மூன்றாம் பாலினம் என்பது திருநரில் ஒரு பகுதியினர் விரும்பி ஏற்கும் அடையாளமே தவிர, அனைவருக்குமான பெயர் அன்று. வீட்டை விட்டுத் துரத்தப்பட்டு, படிப்பை இழந்து, ‘நான் பெண்’ என்ற ஒன்றை நிலைநாட்டவே இளமை முழுவதையும் செலவிட்ட ஒரு திருநங்கையிடம் சென்று, ‘நீங்கள் ஆணும் இல்லை, பெண்ணும் இல்லை, மூன்றாமவர்’ என்று சொல்வது, மரியாதையான தொனியில் சொல்லப்பட்டாலும், அவர் சொல்வதை மறுப்பதுதான்.

இந்தப் பெயர்களுக்கு ஒரு வரலாறு இருக்கிறது. ‘திருநங்கை’க்கு முன்னால் ‘அரவாணி’ இருந்தது. கூவாகத்தில் சித்திரை மாதத்தில் நடக்கும் கூத்தாண்டவர் திருவிழாவில் அரவானுக்குத் தாலி கட்டிக்கொண்டு மறுநாள் அதை அறுக்கும் சடங்கிலிருந்து பிறந்த பெயர் அது. வசைச்சொற்களுக்கு மாற்றாக வந்தபோது அது பெரிய முன்னேற்றமாகவே இருந்தது. 2008 ஏப்ரல் 15 அன்று தமிழ்நாடு அரசு அமைத்த நலவாரியமும் முதலில் அரவாணிகள் பெயரில்தான் இருந்தது. ஆனால் ஒருவருடைய பாலின அடையாளத்தை ஒரு கோயில் சடங்கோடு, அதுவும் தாலி அறுக்கும் சடங்கோடு கட்டிப்போடுவதில் சிக்கல் உண்டு. கூவாகத்துக்கே போகாதவர்கள், வேறு மதத்தில் பிறந்தவர்கள் ஆகியோர் அந்தப் பெயருக்குள் எப்படி வருவார்கள்? மு. கருணாநிதி முதலமைச்சராக இருந்தபோது ‘திருநங்கை’ என்ற சொல்லை அரசு வழக்கில் கொண்டுவந்தார். அது பத்திரிகைகளிலிருந்து பேருந்து நிறுத்தம் வரை பரவி நிலைத்துவிட்டது. ஒரு சமூகத்தின் பெயர் இவ்வளவு விரைவாக மாறி மக்கள் நாவிலும் ஏறியதற்குத் தமிழில் வேறு எடுத்துக்காட்டு எளிதில் கிடைக்காது. நாடாளுமன்றம் 2019இல் இயற்றிய திருநர் பாதுகாப்புச் சட்டமோ, கின்னர், ஹிஜ்ரா, ஜோக்தா என்று பிற மாநிலங்களில் வழங்கும் பெயர்களோடு ‘அரவாணி’யையும் வரையறையில் சேர்த்துக்கொண்டது. நாம் விட்டுவந்த சொல் தில்லியில் சட்டச் சொல்லாகிவிட்டது.

மூன்றாம் பாலினம் என்ற தொடருக்குச் சட்டப் பின்புலமே இல்லை என்று சொல்லமாட்டேன். அந்தப் பின்புலம் உச்ச நீதிமன்றம் 2014 ஏப்ரல் 15 அன்று, தேசிய சட்டப் பணிகள் ஆணையம் தொடுத்த வழக்கில் வழங்கிய தீர்ப்பிலிருந்து வந்தது. நீதிபதிகள் கே.எஸ். ராதாகிருஷ்ணனும் ஏ.கே. சிக்ரியும் அளித்த அந்தத் தீர்ப்பைத்தான் ‘மூன்றாம் பாலினத்தை அங்கீகரித்த தீர்ப்பு’ என்று எல்லோரும் ஒரே வரியில் சொல்லி முடித்துவிடுகிறார்கள். தீர்ப்பு அதோடு நிற்கவில்லை. ஹிஜ்ராக்களை ஆண், பெண் என்ற இருமைக்கு அப்பால் மூன்றாம் பாலினமாகக் கருதி அவர்களுடைய உரிமைகளைக் காக்க வேண்டும் என்று ஒரு கட்டளை. திருநர் தம் பாலினத்தைத் தாமே முடிவு செய்யும் உரிமையை நிலைநாட்டி, ஆண், பெண், மூன்றாம் பாலினம் என்று அவர்கள் எப்படி உணர்கிறார்களோ அப்படியே அரசுகள் ஏற்க வேண்டும் என்பது அடுத்த கட்டளை. பாலினத்தை ஏற்பதற்கு அறுவை சிகிச்சையை நிபந்தனையாக வைப்பது சட்டவிரோதம் என்றும் தீர்ப்பு சொன்னது. அதாவது, மூன்று வாயில்களைத் திறந்துவைத்து, எதில் நுழைவது என்பதை அவரவரிடமே விட்ட தீர்ப்பு அது. நாம் இரண்டு வாயில்களைச் சாத்திவிட்டு, எல்லாரையும் மூன்றாவதன் வழியே அனுப்பிக்கொண்டிருக்கிறோம்.

இந்த வேறுபாடு ஏட்டளவில் நிற்பதன்று. 2018இல் தூத்துக்குடிக் கோயில் ஒன்றில் ஓர் ஆணுக்கும் திருநங்கை ஒருவருக்கும் திருமணம் நடந்தது. பதிவு செய்ய மறுத்துவிட்டார்கள். வழக்கு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்கு வந்தபோது, 2019 ஏப்ரலில் நீதிபதி ஜி.ஆர். சுவாமிநாதன், இந்துத் திருமணச் சட்டத்தில் ‘மணமகள்’ என்று வரும் சொல் திருநங்கையையும் குறிக்கும் என்று தீர்ப்பளித்துப் பதிவு செய்ய உத்தரவிட்டார். அந்தப் பெண் தம்மை மூன்றாம் பாலினம் என்று முன்வைத்திருந்தால் இந்தத் தீர்ப்பு இவ்வளவு எளிதாக வந்திருக்காது. மணமகள் என்ற சொல்லுக்குள் அவருக்கு இடம் கிடைத்ததே, அவர் பெண் என்பதை நீதிமன்றம் ஏற்றதால்தான். அதே தீர்ப்பில், ஊடுபால் குழந்தைகளுக்கு, உயிருக்கு ஆபத்தான நிலைமை தவிர, ஆண் அல்லது பெண் உடலாக ‘ஒழுங்குபடுத்தும்’ அறுவை சிகிச்சைகளைத் தடைசெய்யவும் அவர் உத்தரவிட்டார். சில மாதங்களில் தமிழ்நாடு அரசும் அரசாணை வெளியிட்டது. ஊடுபால் என்பது பிறவியிலேயே குரோமோசோம், சுரப்பிகள், உறுப்புகள் ஆகியவற்றில் காணப்படும் உடற்கூற்று வேறுபாடு. பாலின அடையாளம் அன்று. ஊடுபால் உடலோடு பிறந்து தம்மை ஆணாகவோ பெண்ணாகவோ எந்தக் குழப்பமும் இன்றி உணர்பவர்கள் உண்டு. மூன்றாம் பாலினம் என்ற ஒரே கூடையில் இவர்களையும் போட்டுவிடுவது நம் வழக்கம்.

இந்தக் கூடையில் போட்டதும் முதலில் காணாமல் போகிறவர்கள் திருநம்பிகள். எங்கள் ஊர்க் கணினி மையம் ஒன்றில் நலத்திட்ட விண்ணப்பம் பதிவேற்ற வந்திருந்த ஓர் இளைஞரைப் பார்த்தேன்: மெல்லிய தாடி, மடித்துவிட்ட முழுக்கைச் சட்டை. ‘மூன்றாம் பாலினம்’ என்றிருந்த கட்டத்தில் சொடுக்கிவிட்டு, பணியாளர் நிமிர்ந்து பார்த்து, “திருநங்கைன்னா சேலைதானே கட்டுவாங்க?” என்று கேட்டார். “திருநங்கை இல்லண்ணே, நான் திருநம்பி. ஆம்பளைன்னு போடுங்க” என்றார் அந்த இளைஞர். பணியாளர் கெட்ட எண்ணத்தில் கேட்கவில்லை. அவருக்குத் தெரிந்த படம் ஒன்றுதான், அந்தப் படத்தில் சேலையும் பூவும் கைதட்டலும் மட்டுமே இருந்தன. திருநங்கையருக்கு ‘ஜமாத்’ என்றொரு அமைப்பு இருக்கிறது. தாய், மகள் என்ற உறவுமுறை இருக்கிறது. தெருவில் அவர்கள் கண்ணில் படுகிறார்கள். திருநம்பிகளில் பலர் பிறந்த வீட்டுக்குள்ளேயே, பெண் பிள்ளைகளுக்கு உரிய கட்டுக்காவலில், கல்யாணப் பேச்சின் நெருக்குதலில் அடைபட்டிருக்கிறார்கள். ‘திருநங்கை’ என்பதைப் பொதுச்சொல்லாக வழங்குவதும் இவர்களை மறைக்கிறது. ‘மூன்றாம் பாலினம்’ என்பதும் மறைக்கிறது. ‘திருநர்’ மறைப்பதில்லை. நான் அந்தச் சொல்லை வற்புறுத்துவதற்கு இதுவே முதன்மையான காரணம்.

இதெல்லாம் மேல்நாட்டுச் சரக்கு, தமிழுக்கு அந்நியம் என்று சொல்லும் அன்பர்கள் நன்னூலைப் புரட்டிப் பார்க்கலாம். ‘பெண்மை விட்டு ஆண் அவாவுவ பேடு ஆண்பால், ஆண்மை விட்டு அல்லது அவாவுவ பெண்பால்’ என்கிறார் பவணந்தி. பெண்மையை விட்டு ஆண்மையை விரும்புகிறவரை ஆண்பாலாகவும், ஆண்மையை விட்டுப் பெண்மையை விரும்புகிறவரைப் பெண்பாலாகவும் கொள்ள வேண்டும் என்பது விதி. ‘அவாவுவ’ என்ற வினையைக் கவனியுங்கள். எந்த உடலோடு பிறந்தார் என்பதை வைத்து அவர் பால் வகுக்கவில்லை. எதை அவாவுகிறார் என்பதை வைத்து வகுக்கிறார். மூன்றாவதாக ஒரு பாலைப் படைக்கவும் இல்லை. பவணந்தி மனித உரிமை பேச வரவில்லை, சொல்லுக்கு இலக்கணம் சொல்ல வந்தவர். அந்த நூற்பாவின் அடுத்த வரியே ‘இருமையும் அஃறிணை அன்னவும் ஆகும்’ என்று, இவர்களை ‘அது’ என்று வழங்கவும் இடம் கொடுத்துவிடுகிறது. தெருவில் ‘அது போகுது பார்’ என்று சிரிப்பவருக்கும் நம் மரபில் சான்று கிடைக்கும் என்பது கசப்பான உண்மை. மரபிலிருந்து எந்த வரியை எடுத்துக்கொள்வது என்ற தேர்வு நம்முடையது. நான் முதல் இரண்டு வரிகளை எடுத்துக்கொள்கிறேன்.

ஊடகங்களுக்கு இப்போது சாக்குச் சொல்ல இடமில்லை. சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதி ந. ஆனந்த் வெங்கடேஷ் 2021 ஜூன் முதல் தொடர்ந்து பிறப்பித்த உத்தரவுகளின் பயனாகத் தமிழ்நாடு அரசு 2022இல் இவர்களைக் குறிக்க வேண்டிய சொற்களின் பட்டியலையே அரசிதழில் வெளியிட்டது. ஆனாலும் ‘ஆணாக இருந்து பெண்ணாக மாறியவர்’ என்று செய்தி எழுதுகிறார்கள். சம்பந்தப்பட்டவரின் கணக்கில் அவர் ஆணாக ஒருநாளும் இருந்ததில்லை. பழைய பெயரை அடைப்புக்குறிக்குள் போடும் பழக்கமும் போகவில்லை. செய்திக்கு அதனால் ஒரு பயனும் இல்லை, வாசகரின் துருவும் ஆவலுக்குத் தீனி போடுவதைத் தவிர. தமிழில் இதைச் சரியாக எழுதுவது கடினமும் இல்லை. ‘அவர் கூறினார்’ என்ற மரியாதைப் பன்மை ஆண், பெண், இரண்டிலும் அடங்காதவர் எல்லோருக்கும் பொருந்தும். செய்தியாளர்கள் தொழிலதிபருக்கும் நடிகைக்கும் தவறாமல் போடும் அந்த ‘ஆர்’ விகுதி, திருநங்கை மேல் வழக்குப் பதிவானால் மட்டும் உதிர்ந்துவிடுகிறது.

எண்ணிக்கையிலும் இதே குழப்பம் இருக்கிறது. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் ஆண், பெண், மற்றவர் என்ற மூன்று குறியீடுகள் இருந்தன. ‘மற்றவர்’ என்று பதிவானோர் நாடு முழுவதும் 4,87,803 பேர், தமிழ்நாட்டில் 22,364 பேர். இந்தியாவில் உள்ள திருநர் தொகை என்று கட்டுரைக்குக் கட்டுரை எடுத்தாளப்படுவது இந்த எண்தான். ஆனால் தம்மைப் பெண் என்று எழுதச் சொன்ன திருநங்கை இதில் இல்லை; ஆண் என்று எழுதச் சொன்ன திருநம்பி இல்லை; வீட்டுத் தலைவர் சொன்னபடியே ‘பெண்’ என்று பதிவான, வீட்டுக்குள் அடைபட்ட திருநம்பி இல்லவே இல்லை. மறுபுறம், இந்த எண்ணில் ஆறு வயதும் அதற்குக் கீழும் உள்ள குழந்தைகள் சுமார் 55 ஆயிரம் பேர் இருக்கிறார்கள். தம் பாலினத்தை அவர்களே சொல்லியிருக்க முடியாது, பெரியவர்கள் எதை வைத்து அப்படிச் சொன்னார்கள் என்பதும் படிவத்தில் இல்லை. பிறந்தபோது பதியப்பட்ட பாலினம் எது, இப்போது தம்மை எவ்வாறு உணர்கிறார் என்று இரண்டு கேள்விகளைத் தனித்தனியாகக் கேட்டால், ‘பெண்’ என்று விடையளித்த திருநங்கை பெண்ணாகவும் கணக்கில் வருவார், திருநராகவும் வருவார். நலவாரியத்தின் நிதி ஒதுக்கீடு, காப்பக இடங்கள், மருத்துவமனைகளில் தேவைப்படும் சிகிச்சைப் பிரிவுகள் எல்லாம் இத்தகைய எண்களை வைத்துத் தீர்மானிக்க வேண்டியவை. ஒரே ஒரு மூன்றாவது கட்டத்தை வைத்துக்கொண்டு அவற்றைத் திட்டமிட முடியாது.