ஒரு குவிண்டால் நெல்லின் செலவில் என்னென்ன சேரும்?

ஒரு கல்லின் எடையை யார் நிறுத்தாலும் ஒன்றுதான். பொருளாதாரத்திலும் சமூகவியலிலும் மட்டும் ஆளுக்கு ஒரு கணக்கு சொல்கிறீர்களே, இதைப் போய் அறிவியல் என்கிறீர்களே? பொறியியல் படித்த சொந்தக்காரப் பிள்ளைகள் என்னிடம் அடிக்கடி கேட்கிற கேள்வி இது. எம்.ஏ. பொருளாதாரம் முடித்துவிட்டுத் திருவாரூர், நாகப்பட்டினம் பக்கம் கிராமக் கணக்கெடுப்பு வேலைகளில் கொஞ்ச காலம் சுற்றியவன் என்பதால் மாட்டிக்கொள்கிறேன். நல்ல கேள்விதான். ஆனால் கேட்கிறவர்கள் ஏற்கெனவே ஒரு முடிவோடு வருகிறார்கள். "எண் பொய் சொல்லாது, நியாய அநியாயத்தை வெளியே வைத்துவிட்டு எண்ணை மட்டும் பாருங்கள்" என்பார்கள் சிலர். "எல்லாம் அரசியல்தான், அவனவன் கணக்கு அவனவனுக்கு" என்பார்கள் மற்றவர்கள். இரண்டுமே யோசிக்கிற வேலையை மிச்சப்படுத்துகிற பேச்சு என்றுதான் எனக்குப் படுகிறது.

நம் ஊர் நெல்லையே எடுத்துக்கொள்வோம். ஒரு குவிண்டால் விளைவிக்க என்ன செலவு? மத்திய அரசின் வேளாண் செலவு மற்றும் விலைகள் ஆணையம் இதைக் கணக்குப் போட்டுச் சொல்கிறது. ஆனால் அது சொல்வது ஒரே எண் இல்லை. விதை, உரம், மருந்து, உழவு, ஆள்கூலி, குத்தகை நிலமானால் குத்தகை என்று பணமாகவோ நெல்லாகவோ கையை விட்டுப் போனதை மட்டும் கூட்டினால் அதற்கு ஏ2 என்று பெயர். வீட்டு ஆட்கள் கூலி வாங்காமல் பார்த்த வேலைக்கும் ஒரு மதிப்புப் போட்டுச் சேர்த்தால் ஏ2-வோடு குடும்ப உழைப்பு. சொந்த நிலத்துக்கு வாடகை என்று ஒரு தொகையும், சொந்த முதலுக்கு வட்டியும் சேர்த்தால் சி2. மூன்றும் ஒரே வயல், ஒரே போகம், ஒரே நெல்தான்.

எம்.எஸ். சுவாமிநாதன் தலைமையில் இருந்த தேசிய விவசாயிகள் ஆணையம், பயிருக்கு அரசு அறிவிக்கும் குறைந்தபட்ச ஆதரவு விலை உற்பத்திச் செலவைவிடக் குறைந்தது 50 சதவீதம் கூடுதலாக இருக்க வேண்டும் என்று 2006-இல் சொன்னது. விவசாயச் சங்கங்கள் அதை சி2-வுக்கு மேல் 50 சதவீதம் என்று கேட்கின்றன. 2018-19 பட்ஜெட்டில் மத்திய அரசு செலவைப் போல ஒன்றரை மடங்கு என்று அறிவித்தது. கணக்கு எடுத்தது ஏ2-வோடு குடும்ப உழைப்பு சேர்த்த செலவை வைத்து. சுவாமிநாதன் கும்பகோணத்தில் பிறந்தவர் என்பதாலோ என்னவோ, எங்கள் பக்கம் டீக்கடையில்கூட இந்தச் சண்டை உறவுக்காரர் சொத்துத் தகராறு மாதிரி நடக்கும்.

இந்தச் சண்டையில் யாரும் கள்ளக்கணக்கு எழுதவில்லை. சொந்த நிலத்துக்கு வாடகையைச் செலவாகச் சேர்க்கலாமா என்பதற்குத் தராசிலோ மீட்டரிலோ பதில் கிடைக்காது. நிலம் வைத்திருப்பவருக்கு அந்த நிலத்துக்காகவே ஒரு வருமானம் சேர வேண்டும் என்று நினைத்தால் சேர்ப்பீர்கள். உழைப்புக்கும் போட்ட பணத்துக்கும் மட்டும் போதும் என்று நினைத்தால் விட்டுவிடுவீர்கள். நான் கோயில் நிலத்தில் குத்தகைக்குச் சாகுபடி செய்த வீட்டில் பிறந்தவன். சங்கம் சி2 கேட்டால் நானும் சேர்ந்துதான் கோஷம் போடுவேன். இருந்தாலும் அதில் ஒரு முள் இருக்கிறது. டெல்டாவில் கோயில், மடம், சென்னையிலோ வெளிநாட்டிலோ இருக்கும் முதலாளி என்று நிலம் ஒருவர் பெயரிலும் ஏர் இன்னொருவர் கையிலும் இருப்பது சகஜம். நெல் விலை ஏறினால், மூட்டைக் கணக்கில் பேசிய குத்தகையின் மதிப்பு தானாகவே ஏறிவிடுகிறது. நடவுக்குப் போகிற பெண்ணின் கூலியோ பேரம் பேசினால்தான் ஏறும். இதையெல்லாம் வாய் திறந்து பேசாமல் "சி2 தான் விஞ்ஞானப்பூர்வமான செலவு" என்று மேடையில் முழங்குவதுதான் எனக்குப் பிடிக்கவில்லை. "எங்களுக்கு இது நியாயம் என்று படுகிறது, இன்ன காரணத்துக்காக" என்று சொன்னால் யாரும் குறைந்துபோய்விட மாட்டார்கள்.

ஜெர்மன் சமூகவியலாளர் மாக்ஸ் வேபர் 1904-இல் எழுதிய கட்டுரையில் கிட்டத்தட்ட இதைத்தான் பேசுகிறார். வேபர் என்றாலே, சமூகத்தை ஆராய்கிறவன் நல்லது கெட்டது எதுவும் இல்லாத மரக்கட்டையாக இருக்க வேண்டும் என்று சொன்னவர் என்று கல்லூரி நோட்ஸில் ஒரு வரி வரும். படித்துப் பார்த்தால் அவர் அப்படிச் சொல்லவில்லை. உலகத்தில் கோடி விஷயம் நடக்கிறது. அதில் எதை எடுத்து ஆராய்வது என்பதை நமக்கு எது முக்கியம் என்பதுதான் தீர்மானிக்கிறது. கேள்வி அங்கிருந்து வரலாம், பதில் வரக்கூடாது. அப்புறம், 'இப்படி இருக்கிறது' என்பதிலிருந்து 'இப்படித்தான் இருக்க வேண்டும்' என்பதை எந்த ஆராய்ச்சியும் கறந்து தராது. பிற்பாடு ஸ்வீடன் பொருளாதார அறிஞர் குன்னர் மிர்தால் ஒரு படி மேலே போய், உன் மதிப்பீடு எது என்று முதலிலேயே மேசை மேல் வைத்துவிடு, ஒளித்துவைத்தால்தான் ஆபத்து என்றார். எனக்கு மிர்தால் சொன்னதுதான் வசதி.

விவசாயி யார் என்ற கேள்வியில் இது இன்னும் பச்சையாகத் தெரியும். 2007-இல் வந்த தேசிய விவசாயிகள் கொள்கை, குத்தகைதாரர், விளைச்சலில் பங்கு கொடுத்து வாரத்துக்குச் சாகுபடி செய்பவர், விவசாயத் தொழிலாளி, ஆடு மாடு வளர்ப்பவர், மீன் பிடிப்பவர் என்று எல்லாரையும் அந்தச் சொல்லுக்குள் கொண்டுவந்தது. பயிர் மூழ்கி நிவாரணம் எழுத வரும்போது அந்த விசாலம் காணாமல் போய்விடும்; பட்டா, சிட்டா, அடங்கலில் பெயர் இருக்கிறதா என்றுதான் முதலில் கேட்பார்கள். தேசியக் குற்ற ஆவணக் காப்பகம் 2013 வரை விவசாயத்தில் சுயதொழில் செய்வோர் என்று ஒரே வரிசையில் தற்கொலைகளை எழுதியது. அந்த ஆண்டு எண் 11,772. 2014-இல் விவசாயிகள் தனி, விவசாயத் தொழிலாளர்கள் தனி என்று பிரித்தார்கள். விவசாயிகள் 5,650 ஆனார்கள், தொழிலாளர்கள் 6,710. முதல் எண்ணை மட்டும் எடுத்துக்கொண்டால் விவசாயிகள் சாவு பாதியாகக் குறைந்துவிட்டது என்று மேடையில் பேசலாம். வாய்வழிக் குத்தகையில் இருப்பவர் அந்த இரண்டு வரிசையில் எதில் விழுந்தார், அதை யார் முடிவு செய்தார்கள் என்று கேட்டால் கூட்டம் கலைந்துவிடும்.

கணக்கெடுப்பு படிவத்தோடு கீழ்வேளூர்ப் பக்கம் ஒரு வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருந்தபோது, வீட்டுக்கார அம்மாவிடம் "உங்களுக்கு என்ன வேலைங்க அக்கா?" என்றேன். "எனக்கு என்னப்பா வேலை, வீட்டுலதான் சும்மா இருக்கேன், அப்படியே எழுதிக்க" என்றார். சொல்லும்போதே பால் கறந்த சொம்பு கையில் இருந்தது. காலையில் நாற்றங்காலுக்குத் தண்ணீர் வைத்துவிட்டு வந்திருந்தார். படிவத்தில் வீட்டுவேலை என்று ஒரு குறியீடு போட்டால் என் வேலை அரை நிமிடத்தில் முடிந்துவிடும். துருவிக் கேட்டால் அரை மணி நேரம் ஆகும், அன்றைக்குரிய வீடுகள் முடியாது, மேற்பார்வையாளர் திட்டுவார். புள்ளிவிவரத்தில் பெண்களின் வேலை கரைந்துபோவதற்கு எந்தச் சதியும் தேவையில்லை, இந்த அவசரமே போதும்.

இந்த மண்ணை ஆராய வந்த பெரிய ஆட்களின் கதையும் உண்டு. சமூகவியலாளர் ஆந்த்ரே பெத்தேய் 1961, 62-இல் தஞ்சை மாவட்டத்தில் ஒரு கிராமத்தில் தங்கி ஆராய்ந்து, அதற்கு ஸ்ரீபுரம் என்று மாற்றுப்பெயர் வைத்து எழுதினார். சாதி, வர்க்கம், அதிகாரம் மூன்றும் முன்பு ஒரே கையில் இருந்தன, இப்போது பிரிந்துகொண்டு வருகின்றன என்பது அவர் கண்டது. அவர் தங்கியது அக்கிரகாரத்தில். அதனால் ஆதிதிராவிடர் தெருவோடு நெருங்கிப் பழக முடியவில்லை என்பதை அவரே எழுதியிருக்கிறார். அதற்குப் பத்து வருஷம் முன்பே மானிடவியலாளர் காத்லீன் கோ இதே மாவட்டத்தில் வேலை செய்தார். அவர் மார்க்சியர்; நிலமில்லாத கூலிகள்தான் அவர் எழுத்தின் மையம். ஒரே மாவட்டத்தைப் பற்றி இரண்டு சித்திரங்கள். இதைக் காட்டி "பார்த்தீர்களா, ஆளுக்கு ஒரு கதை" என்று சொல்வது சுலபம். ஆனால் இரண்டையும் அடுத்தடுத்துப் படித்தால், ஒருவர் எண்ணி எழுதியதை இன்னொருவரை வைத்துச் சரிபார்க்க முடிகிறது, எங்கே ஒருவர் பார்வை எட்டவில்லை என்பதும் தெரிகிறது.

கீழ்வெண்மணிக்குப் பக்கத்திலிருக்கும் பாலக்குறிச்சி இதற்கு இன்னும் நல்ல சாட்சி. சென்னைப் பல்கலைக்கழகத்துக்குப் பொருளாதாரப் பேராசிரியராக வந்த கில்பர்ட் ஸ்லேட்டர் 1916-இல் மாணவர்களை வைத்து ஆராய்ந்த ஊர்களில் அதுவும் ஒன்று. 1937-இலும், பிறகு இந்த நூற்றாண்டிலும் அங்கே மறுஆய்வு நடந்தது. ஒவ்வொரு முறையும் போனவர்களின் கொள்கை வேறு, கவலை வேறு. முதலில் போனவர்களின் கொள்கை நமக்குப் பிடிக்க வேண்டும் என்று கட்டாயமில்லை. நிலம் யாரிடம், கூலி எவ்வளவு என்று அவர்கள் எழுதிவைத்ததால்தான் பின்னால் போனவர்களால் நூறு வருஷத்தை ஒப்பிட முடிந்தது.

இனி பகுத்தறிவு. நஷ்டம் என்று தெரிந்தே சம்பா போடுகிறானே, விவசாயிக்குக் கணக்குத் தெரியாதா என்று கேட்பார்கள். 1964-இலேயே அமெரிக்கப் பொருளாதார அறிஞர் தியோடர் சுல்ட்ஸ், ஏழை விவசாயி கையில் இருப்பதை வைத்து நன்றாகவே கணக்குப் பார்க்கிறான் என்று வாதாடினார். அமர்த்தியா சென் 1977-இல் வேறு பக்கத்திலிருந்து வந்தார்: தன் லாபத்தை மட்டும் கணக்குப் பார்க்கும் மனிதன் என்று பொருளாதாரம் கற்பனை செய்கிற ஆள் கிட்டத்தட்ட ஒரு மடையன் என்றார். எங்கள் ஊர்க் குத்தகைதாரர் ஒரு போகம் தரிசு போட்டால் நிலம் கைமாறிவிடும் என்று பயந்து நடுகிறார். அப்பா காலத்திலிருந்து உழுத நிலத்தைச் சும்மா போட மனம் வராமலும் நடுகிறார். முதலாவதை லாப நஷ்டக் கணக்கில் சேர்த்துவிடலாம். இரண்டாவது சேராது. அதற்காக அதை முட்டாள்தனம் என்று எழுதுகிறவர், தன் வாழ்க்கை முறையை அளவுகோலாக வைத்துக்கொண்டு அளக்கிறார்.

இந்த அளவுகோல் எவ்வளவு தூரம் போகும் என்பதற்குக் கீழ்வெண்மணி இருக்கிறது. 1968 டிசம்பர் 25 அன்று கூலி உயர்வுப் போராட்டத்தின் பகையில் கூலிக் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர் ஒரே குடிசையில் எரிக்கப்பட்டார்கள். 1973-இல் சென்னை உயர் நீதிமன்றம், குற்றம் சாட்டப்பட்ட மிராசுதார்களை, அதாவது பெரிய நிலவுடைமையாளர்களை, விடுவித்தது. வசதியான மிராசுதார்கள், வேலையாட்களை அனுப்பாமல் தாங்களே நேரில் நடந்துபோய்த் தீ வைத்தார்கள் என்று நம்புவது கடினம் என்பது தீர்ப்பில் சொன்ன காரணங்களில் ஒன்று. நிலம் உள்ளவன் தன்னைக் காப்பாற்றிக்கொள்ளத்தான் பார்ப்பான், பசித்தவன்தான் துணிந்து இறங்குவான் என்கிற அனுமானம் அது. மனிதன் இப்படித்தான் நடப்பான் என்பதைப் பொதுப்புத்தியாகச் சொல்லிவிட்டார்கள். கிழக்குத் தஞ்சையில் மிராசுதார்கள் அப்போது எப்படி நடந்துகொண்டிருந்தார்கள் என்பது விசாரித்துத் தெரிந்துகொள்ளக்கூடிய விஷயம். அதைச் செய்யாமல் அனுமானமே அறிவாக உட்கார்ந்துவிட்டது.

இதெல்லாம் எதிர்த்தரப்பைப் பற்றி. எங்கள் தரப்பிலும் ஒழுங்கில்லை. வயல்களில் எண்ணெய், எரிவாயு எடுக்கிற ஹைட்ரோகார்பன் திட்டங்களின் எதிர்ப்பில் நானும் நின்றவன். 2020-இல் டெல்டாவைப் பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலமாக்கிய சட்டம் வந்தபோது சந்தோஷப்பட்டேன். இந்த மண்ணில் நெல் விளைய வேண்டும், குழாய் வேண்டாம் என்பது நாம் எடுத்த முடிவு. அதை எந்தச் சோதனைக்கூடமும் எடுத்துத் தர முடியாது. ஆனால் ஒரு குறிப்பிட்ட ஊரில் கிணற்றுத் தண்ணீர் ஏன் கெட்டது என்பது சோதித்துப் பார்க்க வேண்டிய கேள்வி. கடல் நீர் ஏறியதாலா, இறால் பண்ணையாலா, எண்ணெய்க் குழாயாலா என்று பிரித்துப் பார்க்கலாம் என்று ஒரு கூட்டத்தில் சொன்னேன். "தோழர் எந்தப் பக்கம்?" என்று கேட்டார்கள்.

அறுவடை மிஷின் விஷயமும் இப்படித்தான் போகிறது. மிஷின் வந்து பெண்களின் அறுப்பு வேலையைத் தின்றுவிட்டது என்று நாங்கள் எழுதுகிறோம், உண்மைதான். இப்போது நடவுக்கும் மிஷின் வருகிறது, அதையும் எதிர்த்து எழுதுகிறோம். நட்டுக் குனிந்து இடுப்பு விட்டுப்போன அக்காக்களிடம் போய்க் கேட்டால், "வரட்டும் தம்பி, எங்க மவ இந்தச் சேத்துல எறங்க வேணாம்" என்கிறார்கள். அதே மூச்சில், கூலி போனால் மகளிர் குழுக் கடனுக்கு எப்படித் தவணை கட்டுவது என்றும் கேட்கிறார்கள். நாங்கள் தயாரித்த கேள்வித்தாளில் மிஷின் வேண்டுமா, வேண்டாமா என்று இரண்டு கட்டம்தான் இருந்தது. டெல்டாவில் இந்த வருஷம் யாராவது கணக்கெடுப்புக்குப் போகிறீர்கள் என்றால், அந்தக் கேள்வியை எப்படிக் கேட்டீர்கள் என்று கீழே எழுதுங்கள்.