கங்கை அமரனை இன்னும் எத்தனை காலம் 'இளையராஜாவின் தம்பி' என்றே சொல்வோம்?

நேற்று டவுன் பஸ்ஸில் 'பூங்கதவே தாழ் திறவாய்' ஓடியது. "ராஜா ராஜாதான்" என்றார் பக்கத்து சீட்காரர். சரிதான். ஆனால் அந்த வரியை எழுதியவர் பெயர் அவருக்குத் தெரியவில்லை. 'மணிக்கதவம் தாள் திறவாய்' என்று ஆண்டாள் திருப்பாவையில் பாடியதை, 1980இல் 'நிழல்கள்' படத்துக்காக ஒரு காதல் பாட்டின் வாசலில் கொண்டுவந்து வைத்தவர் கங்கை அமரன்.

பண்ணைப்புரத்தில் பிறந்து, அண்ணன் பாவலர் வரதராசனோடு கட்சி மேடைகளில் பாடி வளர்ந்தவர். மெட்டு உள்ளே ஊறியவர் எழுதினால் சொல் எப்படி உட்காரும் என்பதற்கு '16 வயதினிலே' (1977) ஒன்றே போதும். 'செந்தூரப் பூவே' என்று நீட்டி இழுத்துவிட்டு, அடுத்த அடியில் 'ஜில்லென்ற காற்றே' என்கிறார். கிராமத்துப் பெண் வாயில் வரும் சாதாரணச் சொல் அது. அந்த 'ஜில்' இல்லாமல் அந்தப் பாட்டை என்னால் நினைத்துப் பார்க்கவே முடியவில்லை. அதைப் பாடித்தான் எஸ். ஜானகி தேசிய விருது வாங்கினார். 'என் இனிய பொன் நிலாவே'யும், 'ஜானி'யின் 'காற்றில் எந்தன் கீதம்' பாட்டும் இவர் எழுதியவைதான்.

அப்புறம் இசை. 'புதிய வார்ப்புகள்' படத்தில் பாக்யராஜுக்குக் குரல் கொடுத்தவரே இவர்தான். அதே 1979இல் பாக்யராஜ் முதன்முதலாக இயக்கிய 'சுவரில்லாத சித்திரங்கள்' படத்துக்கு இசையமைத்தார். 'காதல் வைபோகமே' கேட்டுவிட்டு அதையும் ராஜா கணக்கில் எழுதுகிறவர்கள் நிறைய. எனக்கு அதில் உண்மையாகவே வருத்தம் உண்டு. அண்ணன் அவ்வளவு பெரிய மலையாக நிற்கும்போது அந்த நிழலிலேயே தனியாக மெட்டுப் போடுவதற்கு எவ்வளவு துணிச்சல் வேண்டும்!

இயக்கத்தில் 'கரகாட்டக்காரன்' (1989) பற்றி நான் சொல்லித்தான் தெரிய வேண்டுமா? அதில் 'மாங்குயிலே பூங்குயிலே'யையும் அவரே எழுதினார்.

இன்று பாட்டுச் செயலிகளில் பாடகர் பெயர் இருக்கிறது, இசையமைப்பாளர் பெயர் இருக்கிறது. எழுதியவர் பெயரைப் பல பாட்டுகளுக்குத் தேடித்தான் பிடிக்க வேண்டும். அதையாவது முதலில் சரி செய்யுங்கள்.

துபாயில் இருக்கும் என் சித்தப்பா மகன் ஒவ்வொரு பொங்கலுக்கும் 'சொர்க்கமே என்றாலும்' பாட்டை ஸ்டேட்டஸில் வைப்பான். 1990இல் வந்த 'ஊரு விட்டு ஊரு வந்து' படத்தை இயக்கி, அந்தப் பாட்டையும் எழுதியவர் யார் என்று இந்த வருஷம்தான் அவனுக்குச் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தவன், "திரும்ப ஒரு தடவை கேக்கணும்ணே" என்று போனை வைத்துவிட்டான்.